மலைப்பாம்பும் மீன்பிடிப் பூனையும்: மலைநாட்டுத் தோட்டமொன்றின் சதுப்பில் நடந்தவை பற்றிய நிகழ்வு ஆய்வு

பின்னணி

இலங்கையின் கொத்மலை நீர்த்தேக்கத்துக்கும் கம்பளைக்கும் இடைப்பட்ட சரிவுகளில் அமைந்த தேயிலைத் தோட்டமொன்றின் கீழ்ப் பிரிவில் இந்நிகழ்வு நடந்தது. தோட்டத்தின் பெயரையும் சம்பந்தப்பட்டவர்களின் பெயர்களையும் தவிர்த்துள்ளேன். நான் அப்பிரிவுப் பிள்ளைகள் படிக்கும் பாடசாலையில் விஞ்ஞானம் கற்பிப்பவன் என்ற வகையில் இதில் ஆரம்பத்திலிருந்தே பங்குகொண்டேன்.

அப்பகுதி கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 700 மீட்டர் உயரத்தில் உள்ளது. நுவரெலியாவின் குளிர் இங்கு இல்லை. அதனால், மேல் மலைகளில் காண்பதற்கு அரிதான மலைப்பாம்பு இங்கே ஆற்றோரங்களிலும் பழைய தேயிலை மலைகளிலும் வாழ்கிறது. தொழிலாளர்களின் வரிசைக் குடியிருப்புகளான லயங்களுக்குக் கீழே, இரு மலைகளுக்கு நடுவிலுள்ள பள்ளத்தில், முன்னொரு காலத்தில் வயலாக இருந்து பின்னர் கைவிடப்பட்ட நிலம் இப்போது நாணலும் பன்புல்லும் மண்டிய சதுப்பாகிவிட்டது. அதன் நடுவே ஓடும் சிற்றோடை மகாவலியைப் போய்ச் சேர்கிறது. தோட்டத்துப் பெண்கள் வல்லாரையும் கங்குன் கீரையும் பறிப்பது அங்கேதான். பிள்ளைகள் தூண்டில் போடுவதும் அங்கேதான். நீர்நாய், கபரகொய்யா எனும் பெரிய நீருடும்பு, கீரி, சாரைப்பாம்பு, தண்ணீர்ப்பாம்பு ஆகியவற்றை எல்லோரும் கண்டிருக்கிறார்கள். பெரும்பாலும் இரவில் வெளிவரும் மீன்பிடிப் பூனையைப் பார்த்தவர்களோ அதைச் சிறுத்தைக்குட்டி என்றே சொல்லி வந்தார்கள்.

கொழுந்துச் சம்பளத்தை மட்டும் நம்பி வாழ முடியாத குடும்பங்களுக்குக் கோழி வளர்ப்பு ஒரு துணை வருமானம். முட்டையிடும் கோழியொன்று ஓரிரவில் மறைந்துபோவது அந்த வீட்டுக்கு உண்மையான நட்டம். இதை மறந்துவிட்டு, பாம்புகளைப் பாதுகாக்க வேண்டும் என்று மட்டும் பேசப் புகுந்தால் அந்தப் பேச்சை யாரும் கேட்கமாட்டார்கள். கேட்க வேண்டிய அவசியமும் அவர்களுக்கு இல்லை.

கோழி இழப்பும் முதற் கொலையும்

தைப்பொங்கலுக்கு முந்திய வாரங்களில் லயங்களின் கடைசி வரிசையிலிருந்து கோழிகள் அடிக்கடி காணாமற்போயின. ஒருநாள் காலை, ஒரு கூட்டுக்குள் இரண்டு கோழிகளை விழுங்கிய மலைப்பாம்பு, வந்த இடைவெளி வழியே வெளியேற முடியாமல் கிடந்தது. அங்கிருந்தவர்கள் அதை மண்வெட்டியால் வெட்டிக் கொன்றார்கள். பொழுது சாய்வதற்குள் அதன் படங்கள் தோட்டம் முழுவதும் வட்ஸ்அப்பில் பரவிவிட்டன.

பொங்கலுக்குக் கொழும்பிலிருந்து வந்திருந்த இளைஞர் ஒருவரின் கைத்தொலைபேசியில், அமெரிக்காவின் புளோரிடா மாநிலத்தில் மலைப்பாம்பு பிடிப்பவர்களைப் பற்றிய காணொளி ஒன்று இருந்தது. படமும் காணொளியும் சேர்ந்து ஒரே கதையாகிவிட்டன: இது நம் நாட்டுப் பாம்பு அல்ல, கொத்மலை அணையைக் கட்ட வந்த வெளிநாட்டவர் விட்டுச் சென்றது, விட்டுவைத்தால் சதுப்பிலுள்ள அனைத்தையும் தின்றுவிட்டு லயத்துக்குள் வரும் என்பதே அக்கதை. அணை 1979இல் தொடங்கி 1985இல் முடிந்தது. அக்காலத்தை நேரில் கண்ட முதியவர்கள் சிலரும் அதை மறுக்கவில்லை. பெப்ரவரி வெயிலில் நாணல் காய்ந்ததும் சதுப்புக்குத் தீ வைத்து, வெளியே வரும் பாம்புகளை அடித்துவிடுவது என்று இளைஞர்கள் தீர்மானித்தார்கள்.

தோட்டத் தலைவர் பாடசாலைக்கு வந்து உதவி கேட்டார். “சேர், அமெரிக்காவுல பாம்பு புடிக்கிறவனுக்கு அரசாங்கமே காசு குடுக்குதாம். நாங்க சும்மாதானே அடிக்கப் போறோம், பெரிய வகுப்புப் பையன்கள அனுப்பி வைங்க” என்றார். “தலைவரே, அடிச்ச பாம்போட படத்த எனக்கு அனுப்புங்க. என்ன பாம்புன்னு தெரிஞ்சுக்கிட்டு, தோட்டத்துல எல்லாரையும் வச்சுப் பேசுவோம். அதுவரைக்கும் தீ வைக்க வேணாம்” என்று கேட்டுக்கொண்டேன். அவர் ஒப்புக்கொண்டார். அவர் இணங்கியிராவிட்டால் இதை எழுதும் தேவையே ஏற்பட்டிருக்காது.

பாம்பை இனங்காணல்

இளைஞர்களின் சந்தேகம் அடிப்படையற்றது என்று சொல்ல முடியாது. புளோரிடாவில் பரவியிருப்பது பர்மிய மலைப்பாம்பு. இலங்கையிலும் இந்தியாவிலும் வாழ்வது இந்திய மலைப்பாம்பு. 2009 வரை இவ்விரண்டையும் ஒரே இனத்தின் இரு கிளைகளாகவே அறிவியலாளர் கருதி வந்தனர். பழக்கமில்லாத கண்ணுக்கு இரண்டும் ஒன்றாகவே தோன்றும்.

வேறுபாட்டைத் தலையில் பார்க்க வேண்டும். பர்மிய மலைப்பாம்பின் தலைமேலுள்ள அம்புமுனை போன்ற கரும் அடையாளம் மூக்கு வரை தெளிவாக நீண்டிருக்கும். இந்திய மலைப்பாம்பில் அது கண்களுக்கு முன்னரே மங்கி, வெளிர் இளஞ்சிவப்புத் தோலுடன் கலந்துவிடும். மேலும், மேலுதட்டுச் செதில்களில் ஒன்று இந்திய மலைப்பாம்பின் கண்ணைத் தொட்டிருக்கும். பர்மிய மலைப்பாம்பிலோ கண்ணுக்கும் உதட்டுக்கும் நடுவே சிறு செதில்களின் வரிசை ஒன்று இருக்கும். தலைவர் அனுப்பிய படங்களில் ஒன்றை பாம்பின் முகத்துக்கு மிக அருகில் எடுத்திருந்தார்கள். அதைப் பெரிதாக்கியபோது அடையாளம் மங்குவதும் உதட்டுச் செதில் கண்ணைத் தொடுவதும் ஐயமின்றித் தெரிந்தன. கொல்லப்பட்டது, அணைக்கும் தோட்டத்துக்கும் முன்பிருந்தே இத்தீவில் வாழும் மலைப்பாம்பு. 1937ஆம் ஆண்டின் 2ஆம் இலக்க வனவிலங்கு, தாவரப் பாதுகாப்புக் கட்டளைச் சட்டம் பாதுகாக்கும் விலங்குகளுள் அதுவும் ஒன்று.

புளோரிடாவைப் பற்றிய விளக்கம்

சட்டத்தை மட்டும் காட்டி மக்களின் பயத்தைப் போக்க முடியாது என்பதால், கொழுந்து நிறுக்கும் மடுவத்தில் மாலை நேரத்தில் கூட்டமொன்றை நடத்தி, காணொளியில் கண்ட செய்தியையே விளக்குவது என்று முடிவெடுத்தோம். அக்காணொளி பொய்யானது அல்ல. அதை எல்லோர் முன்னும் ஏற்றுக்கொண்டு பேச வேண்டியிருந்தது.

எவர்கிளேட்ஸ் என்பது புளோரிடாவின் தென்பகுதியில் உள்ள மாபெரும் ஈரநிலம். வீட்டில் வளர்ப்பதற்காகக் கொண்டுவரப்பட்ட பர்மிய மலைப்பாம்புகள் கைவிடப்பட்டும் தப்பியும் அங்கு சேர்ந்தன. அவை இனப்பெருக்கம் செய்து நிலைத்துவிட்டன என்பதை 2000ஆம் ஆண்டளவில் உறுதிசெய்தனர். இரவில் வீதியோரங்களில் தென்படும் விலங்குகளைப் பழைய பதிவுகளுடன் ஒப்பிட்டு 2012இல் வெளியான ஆய்வின்படி, ரக்கூன்கள் 99.3 வீதமும், ஒப்போசம்கள் 98.9 வீதமும், பொப்கட் எனப்படும் குட்டைவால் காட்டுப்பூனைகள் 87.5 வீதமும் குறைந்திருந்தன. முயல்களையும் நரிகளையும் காணவே முடியவில்லை. பின்னர் சதுப்பு முயல்களுக்கு வானொலிக் கருவி பொருத்தி விட்டுப் பார்த்தபோது, இறந்தவற்றில் 77 வீதம் மலைப்பாம்புகளுக்கு இரையானது தெரியவந்தது.

இந்த அழிவுக்குக் காரணம் மலைப்பாம்பின் குணம் என்று நினைப்பதுதான் தவறு. அந்த முயல்களும் ரக்கூன்களும் இத்தகைய பாம்பு பதுங்கியிருக்கும் நீரோரத்தை ஒருபோதும் அறிந்ததில்லை. அதன் முட்டையைத் தேடித் தின்னும் பழக்கம் அங்குள்ள ஊனுண்ணிகளுக்கும் இருக்கவில்லை. 2021ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில், எவர்கிளேட்ஸை அடுத்த பிக் சைப்ரஸ் பாதுகாப்பு வனத்தில் பொருத்தியிருந்த தானியங்கிக் கமராவில், ஒரு பொப்கட் மலைப்பாம்பின் முட்டைகளைத் தின்பதும், தாய்ப்பாம்பு திரும்பிய பின்னும் வந்து அதை எதிர்த்து நிற்பதும் பதிவாயின. அங்குள்ள விலங்கொன்று இவ்வாறு மலைப்பாம்பு முட்டையைத் தின்றது முதன்முறையாகப் பதிவானது அப்போதுதான் என்பதால் அறிவியலாளர்கள் அதைப் பெரிதாகப் பேசினார்கள். நம் சதுப்பில் கபரகொய்யாவும் கீரியும் அந்த வேலையை எவ்வளவோ காலமாகச் செய்துவருகின்றன. அதே தோற்றமுடைய பாம்பு, அதைத் தடுக்கும் விலங்குகள் இருக்கும் நிலத்தில் ஒரு வகையாகவும், இல்லாத நிலத்தில் வேறு வகையாகவும் பெருகும். அன்று மாலை நான் சொல்ல விரும்பியது இது ஒன்றே.

மூத்த பெண் தொழிலாளி ஒருவர் எழுந்து, “அப்ப எங்க கோழிய திங்கிறது யாரு தம்பி? அதச் சொல்லுங்க” என்று கேட்டார். கூட்டத்தின் மிகச் சரியான கேள்வி அதுவே.

சதுப்பிலும் கூடுகளிலும் கண்டவை

முதலில் ஒரு கணக்குப் பார்த்தோம். இரண்டு கோழிகளை விழுங்கிய மலைப்பாம்பு வாரக்கணக்கில் இரை தேடாது. ஆனால் கோழிகளோ அடுத்தடுத்த இரவுகளில் மறைந்திருந்தன. அத்துடன், மலைப்பாம்பு இரையை முழுதாக விழுங்கிவிடும். இறகு சிதறிக் கிடக்காது. பல கூடுகளின் அருகே இறகுகள் சிதறிக் கிடந்ததைப் பெண்கள் நினைவுகூர்ந்தார்கள்.

தரம் 10 மாணவர்களும் வீட்டுக்காரர்களும் சேர்ந்து, மாலையில் கூடுகளைச் சுற்றி அடுப்புச் சாம்பலைச் சலித்துத் தூவி, விடிந்ததும் தடம் பார்த்தார்கள். கமரா வாங்க வசதியற்ற இடத்துக்கு இதைவிடச் சிறந்த வழி எனக்குத் தெரியவில்லை. சாம்பலில் ஒரு காலை தெளிவான தடம் கிடைத்தது: நான்கு விரல்கள், நாயின் தடத்தைவிட வட்டம், ஆனால் பூனைத் தடத்தில் பொதுவாகத் தெரியாத நகநுனிகள் மெல்லிய புள்ளிகளாகப் பதிந்திருந்தன. மீன்பிடிப் பூனையின் நகங்கள் முழுமையாக உள்ளே மடங்குவதில்லை. அதே தடம் ஓடைக்கரைச் சேற்றிலும் இருந்தது. அங்கே விரல்களுக்கு இடையிலுள்ள சவ்வின் அழுத்தமும் தெரிந்தது. சற்றுத் தள்ளிக் கிடந்த எச்சத்தைக் குச்சியால் பிரித்துப் பார்த்ததில் மீன் செதிலும், நண்டு ஓட்டின் துண்டுகளும், எலி மயிரும், ஒரு கோழியிறகின் அடித்தண்டும் இருந்தன.

வேறு சில காலைகளில் சாம்பலில் பதிந்திருந்தவை தோட்டத்தில் திரியும் நாய்களின் தடங்களே. அதை யாரும் எதிர்பார்த்திருக்கவில்லை. மலைப்பாம்பின் எச்சம், அதாவது சுண்ணாம்புக்கட்டி போன்ற வெள்ளைப் பகுதியுடன் மயிர் திரண்ட கட்டி, கரையில் ஓரிடத்தில் கிடைத்தது. அதில் முழுக்க எலி மயிர். ஆக, கோழிகளுக்கு மலைப்பாம்பும் ஒரு காரணம், பூனையும் ஒரு காரணம், நாயும் ஒரு காரணம். மூன்றுக்கும் பொதுவாக இருந்தது, இரவில் சரியாக மூடப்படாத கூடு.

சதுப்பின் மறுகரையில் நாங்கள் தேடாத ஒன்றும் தென்பட்டது. மகாவலிக் கரைகளில் பரவிவரும், முட்கள் நிறைந்த பெரிய தொட்டாச்சிணுங்கி அங்கே இடுப்பளவு வளர்ந்திருந்தது. சிங்கள அயலவர்கள் அதை யோத நிதிகும்பா என்பார்கள். வெப்பவலய அமெரிக்காவிலிருந்து வந்த இச்செடியின் காய்கள் துண்டு துண்டாக உடைந்து நீரில் மிதந்து பரவும். விதை மண்ணில் பல ஆண்டுகள் உயிருடன் கிடக்கும். தீயின் சூடு அவ்விதையின் உறக்கத்தைக் கலைத்து முளைக்கச் செய்யும். சதுப்பை எரித்திருந்தால் எங்கள் கையாலேயே அதற்கு இடம் ஒதுக்கிக் கொடுத்திருப்போம்.

விஷக்கடி

கூட்டத்துக்குப் பின்னரும் சில இளைஞர்கள் சமாதானமடையவில்லை. பெப்ரவரி நடுப்பகுதியில் ஒரு மாலை, அவர்கள் தடிகளுடன் நாணலுக்குள் இறங்கினார்கள். மேட்டுக்கரையின் சருகுக்குள் கிடந்த பாம்பொன்று ஒருவரின் புறங்காலில் கடித்தது. மூக்கு மேல்நோக்கிய, சருகு நிறமுள்ள குழிவிரியன் அது. இலங்கையில் அதிகமானோரைக் கடிக்கும் நச்சுப்பாம்பு இதுவே. பல பாம்புகளின் விஷத்தை முறிக்கவென நம் வைத்தியசாலைகளில் பயன்படும் இந்திய மருந்து இக்கடிக்குப் பயனளிப்பதில்லை. விஷக்கல் வைக்கலாம் என்று சிலர் சொன்னதை அவருடைய அக்கா ஏற்கவில்லை. காலை அசைக்காமல் கம்பளியில் தூக்கிவந்து, ஓட்டோவில் ஏற்றி உடனே வைத்தியசாலைக்குக் கொண்டுபோனார்கள். அங்கே இரத்தம் உறைகிறதா என்பதைத் திரும்பத் திரும்பச் சோதித்து, சிறுநீரகத்தையும் கவனித்து, வீக்கம் வடிந்த பின்னரே அவரை வீட்டுக்கு அனுப்பினார்கள். அவர் முழுமையாகக் குணமடைந்தார்.

மலைப்பாம்புக்கு விஷமில்லை. அதைத் தேடிப் புதருக்குள் போனவரை விஷப்பாம்பு கடித்தது. இதற்குப் பிறகு தீ வைப்பது பற்றி யாரும் பேசவில்லை. என்றாலும், பயத்தினால் வந்த மௌனம் நிலைக்காது என்பதால் உடனே வேலையில் இறங்கினோம்.

எடுத்த தீர்மானங்கள்

தோட்டக் கமிட்டி, பாடசாலை, வனசீவராசிகள் பாதுகாப்புத் திணைக்கள உத்தியோகத்தர் ஒருவர் ஆகியோர் அமர்ந்து பேசியதில் மூன்று முடிவுகள் எட்டப்பட்டன.

முதலாவது, கூடுகளைத் திருத்துவது. அரை அங்குலக் கண்ணுள்ள கம்பி வலையை அடியிலும் பக்கங்களிலும் அடித்து, கூட்டைத் தரையிலிருந்து முழங்கால் உயரத்துக்குத் தூக்கி, கதவுக்குக் கொக்கி வைத்தோம். வலைக்கான பணத்தைத் தோட்டத்து மரண உதவிச் சங்கம் கடனாகக் கொடுத்தது. குடும்பங்கள் மாதந்தோறும் சிறு தொகையாகத் திருப்பிச் செலுத்தின. இலவசமாகத் தரலாம் என்ற யோசனையும் வந்தது. ஆனால் பிரிவிலுள்ள எல்லோருக்கும் கொடுக்கப் பணமில்லாத நிலையில், சிலருக்கு மட்டும் கொடுப்பது மனக்கசப்பை வளர்க்கும் என்று தலைவர் சொன்னது சரியாகப் பட்டது.

இரண்டாவது, பாம்பை இடமாற்றாமல் இருப்பது. பிடித்துத் தொலைவில் விடுவதே கருணையானது என்று பலரும் எண்ணினார்கள். பழகிய இடத்திலிருந்து அகற்றப்பட்ட பாம்பு புதிய இடத்தில் மறைவிடம் அறியாமல் அலையும். வீதியில் அடிபடவோ வேறொரு லயத்துக்குள் நுழையவோ நேரும். ஒன்று போன இடத்துக்கு மற்றொன்று வருவதும் இயல்பு. வீட்டுக்குள்ளோ கூட்டுக்குள்ளோ சிக்கினால் மட்டும் திணைக்களத்துக்கு அறிவிப்பது என்று முடிவானது.

மூன்றாவது, தொட்டாச்சிணுங்கியை வேரோடு பிடுங்குவது. இதற்குச் சிரமதானம் ஒன்று நடந்தது.

முட்டைகள்

ஏப்ரல் மாதம், கான் எனப்படும் வடிகால் வெட்டச் சென்ற தொழிலாளர்கள் சதுப்பை ஒட்டிய மேட்டில், பழைய முள்ளம்பன்றி வளையொன்றின் வாயிலில், முட்டைகளைச் சுற்றிச் சுருண்டிருந்த பெண் மலைப்பாம்பைக் கண்டார்கள். வேலையை நிறுத்திவிட்டுக் கங்காணிக்குச் சொன்னார்கள், அடிக்கவில்லை. ஜனவரியில் மண்வெட்டி தூக்கிய அதே ஆட்கள் சிலர் அதில் இருந்தார்கள். இந்த நிகழ்வில் எனக்கு மிகப் பெரிய மாற்றமாகத் தோன்றியது இதுவே.

மலைப்பாம்பு தன் தசைகளை மெல்ல அதிரச் செய்து முட்டைகளுக்குச் சூடு கொடுக்கும். அதைக் கலைத்தால் முட்டைகள் குளிர்ந்து கெடும். ஆகவே தோட்ட நிர்வாகத்துடன் பேசி, அந்தப் பக்கத்துக் கானை வெட்டுவதைத் தள்ளிப்போட்டு, கொழுந்தெடுக்கும் பாதையைச் சற்று மேலே மாற்றினோம். இடத்தைச் சுற்றிக் கயிறு கட்டப்பட்டது. பார்க்கக் கூட்டம் வருவதைத் தடுப்பது மட்டும் கடினமாக இருந்தது.

வளை வெறுமையான பின் மாணவர்களுடன் முட்டை ஓடுகளைப் பார்த்தோம். சில ஓடுகளில், குஞ்சு தன் முட்டைப்பல்லால் கீறியது போன்ற நேரான வெட்டு இருந்தது. அவை வளைக்குள்ளேயே கிடந்தன. பெரும்பாலானவை கிழிந்து, மண்ணோடு பிசைந்து, வெளியே இழுபட்டுக் கிடந்தன. அருகே கபரகொய்யாவின் நகத்தடங்களும், நடுவே வால் இழுபட்ட நீண்ட கோடும் இருந்தன. கொழுந்து மடுவத்தில் சொன்னதற்கு இதைவிடத் தெளிவான சான்றை நான் கேட்டிருக்க முடியாது. பிள்ளைகளில் சிலருக்குக் கபரகொய்யாமீது கோபமும் வந்தது. அதற்கும் பசிக்கும், அது தின்பதால்தான் சதுப்பு மலைப்பாம்புகளால் நிறைந்துவிடாமல் இருக்கிறது என்பதை அங்கேயே பேசினோம்.

பின்னர் நடந்தவை

திருத்திய கூடுகளிலிருந்து அதன் பின் கோழி போகவில்லை. கடன் வாங்க விரும்பாமல் பழைய கூட்டையே வைத்திருந்த சில வீடுகளில் இழப்பு தொடர்ந்தது. அவற்றில் ஒன்றில் நாயே கையும் களவுமாகப் பிடிபட்டது. சதுப்புக்கு அருகே மரவள்ளி நட்டிருந்தவர்கள் எலித்தொல்லை பற்றிக் குறைகூறுவது இன்னும் நிற்கவில்லை. பாம்பையும் பூனையையும் விட்டுவைத்தால் எலி குறையும் என்று நாங்கள் வாக்குறுதி எதுவும் கொடுக்கவில்லை, கொடுக்காதது நல்லதாயிற்று.

சாரைப்பாம்பை அடிப்பது முழுமையாக ஒழியவில்லை. மலைப்பாம்புக்குக் கிடைத்த மரியாதை சாரைக்குக் கிடைக்காதது எனக்கு வருத்தமே, ஏனெனில் லயங்களைச் சுற்றி அதிகமாக எலி பிடிப்பது அதுதான்.

அடுத்த முறை மாற்ற வேண்டியவை

இத்தகைய வதந்தி எழும் தோட்டங்களில், பாம்பை இனங்காண்பதையும் கோழி இழப்பை ஆராய்வதையும் ஒன்றன்பின் ஒன்றாகச் செய்யாமல் முதல் நாளிலேயே சேர்த்துத் தொடங்குவது நல்லது. மக்களின் கேள்வி கோழி பற்றியது. பாம்பின் பெயர் அதற்குப் பிறகுதான். கூட்டத்துக்கு இளைஞர்கள் நேரத்தோடு வரக்கூடியவாறு ஞாயிற்றுக்கிழமை காலையைத் தெரிவு செய்ய வேண்டும். எங்கள் மாலைக் கூட்டத்தில் இருந்தவர்களில் பெரும்பாலோர் பெண்களும் முதியவர்களுமே. நாணலுக்குள் இறங்கியவர்கள் அங்கே இருக்கவில்லை.

விஷக்கடிக்கான முதலுதவியைப் பாம்பு பற்றிய எந்தக் கூட்டத்திலும் முதலில் சொல்லிவிட வேண்டும்: கடிவாயைக் கீறக்கூடாது, இறுக்கிக் கட்டக்கூடாது, கடிபட்டவரை நடக்கவிடாமல் வைத்தியசாலைக்குக் கொண்டுபோக வேண்டும். நாய்களின் எண்ணிக்கையைக் கட்டுப்படுத்தக் கருத்தடை முகாம் நடத்துமாறு பிரதேச சபைக்குக் கடிதம் கொடுக்கப்பட்டுள்ளது. தொட்டாச்சிணுங்கி பிடுங்கிய இடத்தில் மழைக்குப் பின் மீண்டும் நாற்றுகள் முளைத்திருக்கின்றன. காய் பிடிப்பதற்கு முன் அவற்றைப் பிடுங்கும் பொறுப்பைத் தரம் 9 மாணவர்கள் ஏற்றுள்ளார்கள். அடுத்த சிரமதானத்துக்கான நாளைக் கமிட்டி குறித்துவிட்டது.